இரண்டாண்டுகள் கேட்பாரற்றுக் கிடந்த ஆட்டம்

நீண்ட பதிவு. நேரமும் பொறுமையும் உள்ள நண்பர்கள் வாசிக்கலாம்.

2020ஆம் ஆண்டின் இறுதி மாதங்களில் உலகின் பல நாடுகளிலும் பள்ளிச் சிறுவர்கள், கல்லூரி மாணவர்கள், வீட்டிலிருந்து அலுவலகப் பணி செய்தோர் எனக் கோடிக்கணக்கானோர் ஒரே விளையாட்டில் மூழ்கியிருந்தனர். 'அமங் அஸ்' என்பது அதன் பெயர். 'நமக்குள்ளே' என்று தமிழில் சொல்லலாம். ஒரு விண்கலம். அதில் வெவ்வேறு வண்ண உடையணிந்த பத்துப் பேர். அவர்களுள் ஒருவரோ இருவரோ மூவரோ மற்றவர்களைக் கொல்ல வந்த வேடதாரிகள். அவர்கள் யாரென்பது அவர்களுக்கு மட்டுமே தெரியும். ஏனையோர் தமக்குள் பேசி, ஐயுற்று, வாக்களித்து, கள்ளன் எனக் கருதுபவரை விண்வெளியில் தள்ளவேண்டும். ஆட்டம் இவ்வளவே. அவ்வாண்டு நவம்பர் மாதத்தில் மட்டும் ஏறத்தாழ 50 கோடிப் பேர் இதனை விளையாடினர் என்று நீல்சன் நிறுவனத்தின் சூப்பர்டேட்டா பிரிவு மதிப்பிட்டது.

இவ்வெற்றிக்குக் காரணம் கேட்டால் பெரும்பாலோர் ஒரே விடையைத்தான் தருகின்றனர்: ஊரடங்கு. வீட்டுக்குள் அடைபட்டோர் கூடிப் பேச ஏங்கினர். இவ்விளையாட்டு அதற்கு வழி செய்தது. விடை பொய்யன்று. ஆனால் நெருப்புப் பற்றியதற்குக் காற்றடித்ததே காரணம் என்பதைப் போன்றது அது. விறகு எங்கிருந்து வந்தது, யார் அடுக்கியது, ஏன் அது காய்ந்து கிடந்தது என்பனவற்றை அவ்விடை சொல்வதில்லை.

காலவரிசையை முதலில் பார்ப்போம். அமங் அஸ் வெளியானது 2018 ஜூன் மாதத்தில்; கைபேசிகளுக்கு மட்டும். அவ்வாண்டு நவம்பரில் ஸ்டீம் தளத்தின் வழியே கணினிக்கும் வந்தது. உருவாக்கிய இன்னர்ஸ்லாத், அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்து ரெட்மண்ட் நகரில் இயங்கிய மிகச் சிறிய நிறுவனம். ஃபாரஸ்ட் வில்லார்ட், மார்கஸ் புரோமாண்டர், ஏமி லியூ என மூவரே அதன் முழுப்படை. தொடக்கத்தில் ஒரே நேரத்தில் விளையாடியோர் 30 முதல் 50 பேர். உலகச் சுகாதார நிறுவனம் கொரோனாவைப் பெருந்தொற்று என்று அறிவித்தது 2020 மார்ச் 11 அன்று. இந்தியாவில் ஊரடங்கு மார்ச் 25 அன்று தொடங்கியது. அமெரிக்க, ஐரோப்பியப் பெருங்கூட்டம் இந்த ஆட்டத்தைக் கண்டுகொண்டதோ ஜூலை மாதத்தின் பிற்பகுதியில். அடைபட்டிருந்த மக்கள் நான்கு மாதங்கள் இதைக் கடந்துசென்றிருக்கிறார்கள். இதே வகை ஆட்டங்கள் வேறு இல்லாமலும் இல்லை. 'டவுன் ஆஃப் சேலம்' 2014 முதல் இருந்தது. 'புராஜெக்ட் வின்டர்' 2019இல் வந்தது. இரண்டும் இணையத்தில் பலர் கூடி ஆடுபவையே. ஊரடங்கு எல்லா ஆட்டங்களுக்கும் பொதுவாக இருக்க, பயனடைந்தது ஒன்று மட்டும் ஏன்?

இதற்கு விடை தேட 1986-87ஆம் ஆண்டின் மாஸ்கோவுக்குப் போகவேண்டும்.

மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகத்தின் உளவியல் துறையைச் சேர்ந்த திமித்ரி தாவிதோவ் என்பவர் அப்போது ஓர் ஆட்டத்தை வடிவமைத்தார். 'மாஃபியா' என்று பெயர். வட்டமாக அமர்ந்தோர்க்குச் சீட்டுகள் வழங்கப்படும். சிலருக்கு மாஃபியா என்ற சீட்டு. மற்றவர்கள் அப்பாவி ஊர்மக்கள். நடத்துநர் 'இரவு' என்றதும் எல்லோரும் கண்களை மூடவேண்டும். மாஃபியாக்கள் மட்டும் கண் திறந்து, ஒருவரையொருவர் அறிந்து, ஓசையின்றி ஓர் ஆளைக் கொலைக்குத் தேர்ந்தெடுப்பர். 'பகல்' என்றதும் அனைவரும் விழிப்பர், இறந்தவர் அறிவிக்கப்படுவார், பிறகு வாதம், குற்றச்சாட்டு, வாக்கெடுப்பு. பெரும்பான்மையோர் சுட்டும் நபர் வெளியேற்றப்படுவார். மாஃபியா ஒழியும்வரை, அல்லது ஊர்மக்கள் சிறுபான்மையாகும்வரை இது தொடரும்.

இவ்வாட்டத்தை ஸ்டாலின் காலத்து அச்சத்தின் நிழல் என்று விளக்குவது எளிது. நான் அதை ஏற்கத் தயங்குகிறேன். அது கோர்பச்சோவ் ஆட்சிக்கு வந்தபின் பிறந்த ஆட்டம். பொது இடத்தில் வாய்விட்டு வாதிடலாம் என்ற துணிவு மாணவர்களிடையே துளிர்த்துக்கொண்டிருந்த காலத்தது. அச்சம் மிகுந்த இடத்தில் அண்டைவீட்டாரைக் குற்றஞ்சாட்டுவது விளையாட்டாகாது. அச்சம் தளரத் தொடங்கும் இடத்தில்தான் அது விளையாட்டாகிச் சிரிப்பை வரவழைக்கும். அதைவிட எனக்கு முதன்மையாகப் படுவது அதன் சிக்கனம். பலகை வேண்டா, காய் வேண்டா, காசும் வேண்டா. சில காகிதத் துண்டுகளும் ஓர் அறையும் போதும். மாணவர் விடுதிகளிலும் கோடைக்கால முகாம்களிலும் அது பரவியதற்கு இச்சிக்கனமே காரணம். 1990களில் ஐரோப்பாவுக்கும் பின்னர் அமெரிக்காவுக்கும் அது வாய்மொழியாகவே போய்ச் சேர்ந்தது. விதிப்புத்தகம் அச்சாவதற்கு முன்பே உலகைச் சுற்றிய ஆட்டம் அது. நாட்டுப்புறக் கதைகளின் பரவலை ஆராய்வோர் இதையும் ஆராயலாம்.

1997இல் ஆண்ட்ரூ பிளாட்கின் என்ற அமெரிக்கர் அதற்கு வேறு சட்டை தைத்தார். மாஃபியாவின் இடத்தில் ஓநாய் மனிதன் வந்தான். பகலில் மனிதனாகவும் இரவில் ஓநாயாகவும் இருப்பவன் என்ற பழைய ஐரோப்பிய நம்பிக்கை, இரவு பகல் என்று பிரிந்த இந்த ஆட்டத்துக்கு அளவெடுத்தாற்போல் பொருந்தியது. 2001இல் பிரான்சில் சீட்டுக்கட்டாக அச்சிடப்பட்டு விற்பனைக்கு வந்தது. சீனத்தில் 2015க்குப் பிறகான சில ஆண்டுகளில் 'ஓநாய் மனிதன் கொலை' என்ற பொருள்படும் பெயரில் இணையக் காட்சித் தொடர்களாகவும் கைபேசிச் செயலிகளாகவும் அலையெனப் பரவியது. அப்போது அங்கே தொற்றும் இல்லை, ஊரடங்கும் இல்லை என்பதை இங்கே குறித்துக்கொள்ளவேண்டும்.

இவ்வகை ஆட்டங்களை ஆங்கிலத்தில் 'சோஷியல் டிடக்‌ஷன்' என்பர். இப்பதிவின் வசதிக்காக மறைவேட ஆட்டம் என்கிறேன். இதன் அச்சாணி ஒன்றே: விவரம் அறிந்த சிறுபான்மை ஒருபுறம், அறியாத பெரும்பான்மை மறுபுறம். பிராவர்மன், எட்டெசாமி, மோசெல் ஆகிய மூன்று ஆய்வாளர்கள் 2008இல் மாஃபியாவைக் கணிதமாக ஆராய்ந்தனர். துப்பறிவோர் எவரும் இல்லாத ஆட்டத்தில், மொத்தக் கூட்டத்தின் வர்க்கமூல அளவினரான மாஃபியா இருந்தாலே இரு தரப்புக்கும் ஒப்பான வாய்ப்பு அமைந்துவிடும் என்பது அவர்களது முடிவு. கூட்டம் பெருகப் பெருக, அதைச் சாய்க்கத் தேவைப்படும் கள்ளர்களின் விகிதம் குறைந்துகொண்டே போகிறது. பெரும்பான்மையின் வாக்கு என்பது தகவல் இல்லாதபோது எவ்வளவு வலுவற்ற கருவி என்பதற்கு இதைவிடச் சுருக்கமான நிறுவலை நான் கண்டதில்லை.

நம் ஊர்க் குழந்தைகளுக்கும் இதன் ஒன்றுவிட்ட உறவு ஒன்று தெரியும். ராஜா, ராணி, போலீஸ், திருடன் என்று எழுதிய சீட்டுகளைக் குலுக்கிப் போட்டு எடுப்பது. வடக்கே அது 'ராஜா, மந்திரி, சோர், சிபாய்'. சீட்டில் மறைந்த வேடம், முகத்தைப் பார்த்துத் திருடனை ஊகித்தல் எனப் பாதி ஆட்டம் அங்கேயே இருக்கிறது. ஆனால் அதில் ஊகிப்பவர் ஒருவரே. தவறினால் மதிப்பெண் போகும், அவ்வளவுதான். கூட்டம் கூடி வாதிட்டு, ஒருவரைத் தீர்த்துக்கட்டும் பகுதி அதில் இல்லை. மாஸ்கோ ஆட்டம் சேர்த்தது அந்தப் பகுதியைத்தான்.

மாஃபியாவில் இரண்டு பழுதுகள் இருந்தன. ஆடியவர் அனைவரும் அறிவர். முதலாவது, முதல் இரவில் கொல்லப்பட்டவர் கதி. மற்றவர்கள் ஒரு மணிநேரம் வாதிட்டுக்கொண்டிருக்க, அவர் சுவரோரம் அமர்ந்து தேநீர் குடிக்கவேண்டியதுதான். இரண்டாவது இன்னும் ஆழமானது. முதல் பகலில் பேசுவதற்கே ஒன்றும் இருக்காது. எல்லோரும் கண்மூடி அமர்ந்திருந்தோம். யார் எதைக் கண்டோம்? ஆகவே குற்றச்சாட்டுகள் முகபாவனையையும் குரலையும் வைத்தே எழும். 'நீ ஏன் சிரித்தாய்?' 'நீ ஏன் பேசாமலிருக்கிறாய்?' கூச்ச சுபாவமுள்ளவர்கள் முதலில் வெளியேற்றப்படுவார்கள். நன்றாகப் பேசத் தெரிந்தவர் தப்புவார். எதிரெதிரே அமர்ந்து ஆடும்போது இப்பழுதே சுவையாகவும் இருக்கும். திரைக்குப் பின்னால் எழுத்தில் உரையாடும்போது முகமும் இல்லை, குரலும் இல்லை. எஞ்சுவது வெறும் ஊகம். இணையத்துக்குப் பெயர்ந்த முந்தைய மறைவேட ஆட்டங்கள் பல, பொறுமையுள்ள சிறு வட்டத்தைத் தாண்டாமைக்கு இதுவே பெரும் காரணம் என்பது என் கருத்து.

அமங் அஸ் இவ்விரு பழுதுகளையும் நீக்கியது. அதன் விதை மார்கஸ் புரோமாண்டரின் இளமைக்காலத்தில் இருக்கிறது. அவர் சிறுவயதில் ஆடிய மாஃபியா வட்டமாக அமர்ந்து ஆடுவதன்று. சீட்டைப் பெற்றபின் எல்லோரும் வீடு முழுதும் இலக்கின்றித் திரிவர், கொலையாளி, ஆளில்லா நேரம் பார்த்து, ஒருவர் கழுத்தின் குறுக்கே விரலால் கோடிழுப்பார், கொலை முடிந்தது. எவரேனும் உடலைக் கண்டால் கூட்டம் கூடும். இந்த வேறுபாடு சிறியதுபோல் தோன்றும். ஆனால் ஆட்டத்தின் இயல்பையே மாற்றிவிட்டது. மூடிய கண்கள் திறந்துவிட்டன. இப்போது ஒவ்வொருவரிடமும் சொல்வதற்கு ஒரு சாட்சியம் இருக்கிறது: நான் எங்கே இருந்தேன், யாரைக் கண்டேன், யார் எந்தப் பக்கம் போனார்.

வீட்டில் திரிவோர்க்கு வேலையில்லை என்பதே அதன் குறை. விளையாட்டை வடிவமைத்தோர் அந்த வெறுமையை வேலைகளால் நிரப்பினர். கலத்தின் அறைதோறும் சில்லறைப் பணிகள்: அறுந்த மின்கம்பிகளை நிறம் பார்த்து இணைப்பது, அட்டையைத் தேய்ப்பது, குப்பையைக் கொட்டுவது, விண்கற்களைச் சுடுவது. தனியே பார்த்தால் அவற்றில் ஒரு சுவையும் இல்லை. அட்டை தேய்க்கும் பணி வேண்டுமென்றே எரிச்சலூட்டுவது. மெதுவாகத் தேய்த்தாலும் பிழை, விரைவாகத் தேய்த்தாலும் பிழை. ஆனால் கம்பிகளைப் பார்த்துக்கொண்டிருப்பவர் முதுகுப் பக்கம் பார்க்க முடியாது. பணித்திரை கண்ணை மறைக்கும் அந்தச் சில நொடிகளே மாஃபியாவின் 'இரவு'. எல்லோருக்கும் ஒரே நேரத்தில் வந்த இரவு இப்போது ஒவ்வொருவருக்கும் வெவ்வேறு நேரத்தில் துண்டுதுண்டாக வருகிறது. கள்ளனுக்கோ பணி இல்லை. பணி செய்வதாக நடிக்கவேண்டும். பணி முடியும் நேரத்துக்கும் மேலாக ஓரிடத்தில் நின்றால் அகப்படுவான். காற்றுக்குழாய்க்குள் நுழைந்து வேறோர் அறையில் முளைப்பதை எவரேனும் கண்டால் தொலைந்தான். ஆக, வாக்கெடுப்புக்கு முன் நிகழும் பேச்சுக்குப் பொருள் கிடைத்தது. 'உன் முகம் சரியில்லை' என்ற குற்றச்சாட்டு, 'மின்சார அறையிலிருந்து நீ வந்ததைக் கண்டேன்' என்றாயிற்று. பேச்சுத்திறன் இல்லாதவரும் உண்மையை வைத்து நிற்கலாம்.

கொல்லப்பட்டோர்க்கும் ஒரு வழி பிறந்தது. அவர்கள் ஆவிகளாகக் கலத்துக்குள் உலவித் தம் எஞ்சிய பணிகளை முடிக்கலாம். எல்லாருடைய பணிகளும் முடிந்தால் ஊர்மக்களுக்கு வெற்றி. எனவே செத்தவரின் உழைப்பும் கணக்கில் சேரும். தவிர, பிற ஆவிகளோடு உரையாடிக்கொண்டே உயிரோடிருப்போரின் அறியாமையைப் பார்த்துச் சிரிக்கலாம். ஓர் ஆட்டம் பெரும்பாலும் கால்மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். சுவரோரத் தேநீர்க்காரரின் குறை தீர்ந்தது.

இங்கே ஒரு திரைப்படத்தையும் சொல்லவேண்டும். ஜான் கார்ப்பென்டர் இயக்கிய 'தி திங்', 1982இல் வெளிவந்தது. அண்டார்டிக்காவின் ஆய்வு நிலையமொன்றில், எவருடைய உருவத்தையும் எடுத்துக்கொள்ளக்கூடிய வேற்றுலக உயிரி புகுந்துவிடுகிறது; நம்முள் யார் இன்னும் மனிதர் என்பதே கேள்வி. 1938இல் ஜான் டபிள்யூ. கேம்ப்பெல் எழுதிய குறுநாவல் அதற்கு மூலம். அமங் அஸின் விண்கலமும் உருமாறும் அயலுயிரியும் அப்படத்தின் வழித்தோன்றல்களே. அந்தப் படமும் வெளியான காலத்தில் எடுபடவில்லை. அன்பான வேற்றுலகவாசியைக் காட்டிய ஸ்பீல்பெர்க்கின் 'ஈ.டி.' அதற்கு இரண்டே வாரங்களுக்கு முன் வந்து மக்கள் மனத்தை நிறைத்துவிட்டிருந்தது. பின்னாளில்தான் அது கொண்டாடப்பட்டது.

ஆக, 2018லேயே விறகு அடுக்கப்பட்டுவிட்டது. பற்றவைக்கத்தான் ஆளில்லை. தொடக்கத்தில் அது ஒரே அறையில் கூடியிருப்போர் தத்தம் கைபேசியில் ஆடுவதற்காக எண்ணப்பட்டது. இணையவழி ஆடும் வசதி பின்னர்ச் சேர்ந்தது. விளம்பரத்துக்குப் பணமில்லை. வணிகக் கணக்குப்படி கைவிட்டிருக்கவேண்டிய காலத்தைத் தாண்டியும் தாங்கள் அதில் உழைத்ததாக வில்லார்ட் பின்னர் நேர்காணல்களில் சொல்லியிருக்கிறார். 2019இல் இரண்டு புதிய நிலப்படங்கள் சேர்க்கப்பட்டன. ஆடுவோர் சிலரே, ஆனால் அச்சிலர் விடாப்பிடியானவர்கள்.

அவர்கள் யார் என்பதில்தான் வழக்கமான கதை சறுக்குகிறது. ஆங்கில ஊடகங்களின் விவரிப்பில் இவ்விளையாட்டின் வரலாறு 2020 ஜூலையில், ஓர் அமெரிக்க ஒளிபரப்பாளரிடம் தொடங்குகிறது. உண்மையில் அமெரிக்காவுக்கு முன்பே தென் கொரியாவிலும் பிரேசிலிலும் அது பரவிவிட்டது என்று புரோமாண்டரே கூறியிருக்கிறார். கொரிய மொழியிலும் போர்த்துகீசிய மொழியிலும் கூச்சலிட்டு வாக்களித்த அந்த ஆட்டக்காரர்கள் இல்லையென்றால், 2020 ஜூலையில் கண்டெடுப்பதற்கு உயிருள்ள ஆட்டமே இருந்திராது. அப்போது பத்துப் பேர் சேர்ந்தால்தான் நிறைவுறும் விளையாட்டாக இது இருந்தது. காலி அறைகளோடு அது ஓராண்டுகூடத் தாங்கியிருக்காது. 'கண்டுபிடிப்பு' என்ற சொல்லை வரலாற்று மாணவர்கள் ஐயத்தோடு பார்க்கப் பழகியிருக்கிறோம். கடலில் வழிதவறி வந்தவர் கரையில் ஏற்கெனவே வாழ்ந்தோரைக் 'கண்டுபிடித்த' கதைகளை நாம் நிறையப் படித்தவர்கள். விளையாட்டின் வரலாற்றிலும் அதே சொல் அதே வேலையைச் செய்கிறது.

இனி ஜூலைக்கு வருவோம். சோடாபாப்பின் என்ற பெயரில் ட்விட்ச் தளத்தில் நேரலை செய்பவர் அப்போது இதைத் தம் நண்பர்களோடு ஆடத் தொடங்கினார். எக்ஸ்க்யூசி, போக்கிமேன், பியூடிபை போன்ற பெருங்கூட்டம் கொண்ட பிறரும் அடுத்தடுத்துச் சேர்ந்தனர். செப்டம்பரில் மட்டும் அமங் அஸ் காணொளிகள் 400 கோடி முறை பார்க்கப்பட்டதாக யூட்யூப் அறிவித்தது. அதே மாதம் ஸ்டீம் தளத்தில் ஒரே நேரத்தில் விளையாடியோர் 4.38 இலட்சத்தைத் தொட்டனர். எல்லாத் தளங்களையும் சேர்த்தால் அந்த எண் 38 இலட்சம்.

நேரலைக்கு இந்த ஆட்டம் ஏன் இவ்வளவு ஒத்துப்போனது? மற்ற விளையாட்டுகளில் பார்வையாளர் திறமையைப் பார்க்கிறார். இதில் அவர் ஒரு மனிதர் பொய் சொல்வதைப் பார்க்கிறார். ஒளிபரப்பாளர் கள்ளனாக இருக்கும்போது அது பார்வையாளர்க்குத் தெரியும். கூட ஆடுவோர்க்குத் தெரியாது. கொலைசெய்த கையோடு கூட்டத்துக்கு வந்து, உடலைக் கண்டவரையே குற்றஞ்சாட்டி, நெருங்கிய நண்பனின் வாக்கையும் பெற்று அவனை வெளியே தள்ளும் காட்சியை அவர் உள்ளிருந்து காண்கிறார். கூத்தில் மாறுவேடத்தில் வருபவனைப் பார்வையாளர் அறிவர், மேடையில் நிற்பவர் அறியார். அந்தப் பழைய இன்பமே இது. ஒளிபரப்பாளர் அப்பாவியாக இருக்கும் சுற்றில் பார்வையாளரும் அவரோடு சேர்ந்து துப்பறிகிறார். மேலும், விளையாட்டுக்குள் குரல்வழி உரையாடல் அப்போது இல்லை. டிஸ்கார்டிலோ வேறு செயலியிலோ கூடி, ஆடும்போது வாயடைத்து, கூட்டம் கூடியதும் வாய்திறக்கும் வழக்கத்தை ஆடுவோரே ஏற்படுத்திக்கொண்டனர். இந்த மௌனமும் வெடிப்பும் மாறிமாறி வரும் தாளத்தை வடிவமைத்தோர்கூட முழுமையாக எதிர்பார்த்திருக்கமாட்டார்கள். இங்கேதான் ஊரடங்கின் பங்கும் வருகிறது. 2018இல் நண்பர்களைக் குரல்வழி கூட்டிவைப்பது தனி ஏற்பாடு. 2020 ஜூலைக்குள் பாட்டி முதல் பேரன் வரை அது அன்றாடப் பழக்கமாகிவிட்டது. தொற்று ஆடுவோரை மட்டும் தரவில்லை; ஆட்டத்தில் விடுபட்டிருந்த உறுப்பையும் தந்தது.

விலையையும் மறக்கலாகாது. கணினியில் 5 டாலர். கைபேசியில் விளம்பரங்களோடு இலவசம். சூப்பர்டேட்டாவின் கணிப்பில் கணினியில் ஆடியோர் 3 விழுக்காடே. வருமானத்தில் 64 விழுக்காடு அவர்களிடமிருந்து வந்தது. அதாவது சிறு தொகையினர் காசு கொடுக்க, பெருங்கூட்டம் இலவசமாக ஆடியது. எளிய இருபரிமாணப் படங்களாதலால் பழைய, மலிவான கைபேசியிலும் ஓடும். இந்தியாவுக்கு இது பொருட்படுத்தத்தக்க செய்தி. 2020 செப்டம்பர் 2 அன்று நடுவண் அரசு 118 செயலிகளைத் தடைசெய்தது. அவற்றுள் ஒன்று பப்ஜி மொபைல். நண்பர்கள் குழுவாகக் கூடிப் பேசிக்கொண்டே ஆடும் பழக்கத்தை இந்நாட்டு இளைஞர்களிடையே வேரூன்றச் செய்திருந்தது பப்ஜிதான். அந்தக் குழுக்களின் கையிலிருந்து ஆட்டம் பறிக்கப்பட்ட அதே வாரங்களில் அமங் அஸ் உச்சத்தை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது. அப்போது நான் தங்கியிருந்த வீட்டுக்காரரின் மகன், ஏழாம் வகுப்பு, இணையவழி வகுப்புக்கென வாங்கித் தந்த கைபேசியில் இதை ஆடுவான். சுவருக்கு அப்பாலிருந்து இந்தியிலும் தெலுங்கிலும் மாறிமாறிக் கேட்கும் ஒரே ஆங்கிலச் சொல்: 'சஸ்'. ஐயத்துக்குரியவன் என்பதன் சுருக்கம்.

அச்சொல்லுக்கு வேறொரு வரலாறு உண்டு. பிரிட்டனில் 1824ஆம் ஆண்டின் நாடோடிகள் சட்டம், குற்றம் செய்யக்கூடும் என்ற ஐயத்தின் பேரிலேயே ஒருவரைக் கைதுசெய்யக் காவலர்க்கு அதிகாரம் தந்தது. 1970களில் அப்பிரிவு கறுப்பின இளைஞர்கள்மீது மிகுதியாக ஏவப்பட்டது. மக்கள் அதற்கு இட்ட பெயர் 'சஸ் சட்டம்'. நீண்ட போராட்டத்துக்குப் பின், இலண்டனின் பிரிக்ஸ்டன் பகுதி கொந்தளித்த அதே 1981இல், அது நீக்கப்பட்டது. விளையாடும் சிறுவர்க்கு இது தெரியவேண்டியதில்லை. ஆனால் ஐயம் என்பது எல்லார்மீதும் ஒரே அளவில் விழுவதில்லை என்பதை அச்சொல்லின் முன்பிறவி நினைவூட்டுகிறது.

2020 ஐயத்தின் ஆண்டு. இருமியவரை ஊரார் விலக்கினர். வெளியூரிலிருந்து நடந்து வந்த தொழிலாளரைத் தம் கிராமத்தாரே எல்லையில் நிறுத்தினர். மார்ச் மாதத்தில் தில்லி நிஜாமுதீனில் நடந்த தப்லீக் கூடுகைக்குப் பிறகு, ஒரு சமயத்தார் முழுவதுமே நோய் பரப்புவோர் எனத் தொலைக்காட்சிகளிலும் கைபேசிகளிலும் சுட்டப்பட்டனர். ஆகஸ்ட் 21 அன்று பம்பாய் உயர் நீதிமன்றத்தின் அவுரங்காபாத் அமர்வு, அக்கூடுகையில் கலந்துகொண்ட வெளிநாட்டினர்மீதான வழக்குகளை இரத்துசெய்தது. பேரிடர்க் காலத்தில் அரசு பலியாடுகளைத் தேடும் என்றும், இவர்கள் அவ்வாறு தேர்ந்தெடுக்கப்பட்டிருக்கக்கூடும் என்றும் தீர்ப்பில் கூறியது. தீர்ப்பு வந்தபோது ஐந்து மாதங்கள் கடந்திருந்தன. குற்றஞ்சாட்டிய குரல்களில் எத்தனை அதைத் திரும்பச் சொல்லின?

அமங் அஸ் இந்த ஆண்டின் கண்ணாடி என்று சொல்லிவிட்டு நகர்வது சுலபம். கூர்ந்து பார்த்தால் அது கண்ணாடியன்று, நேர்மாறு. ஆட்டத்தில் ஒருவரை வெளியே தள்ளியதும், விருப்பத் தெரிவு இயங்கினால், விண்வெளியில் சுழன்று செல்லும் அவ்வுருவத்தின் கீழே எழுத்துகள் தோன்றும்: இவர் கள்ளன், அல்லது இவர் கள்ளன் அல்லர். எட்டுப் பேர் ஒருமித்து வாக்களித்துத் தள்ளிய ஆள் அப்பாவி என்று திரை அறிவிக்கும் கணத்தில் எழும் அமைதியும் அதைத் தொடர்ந்து வெடிக்கும் சிரிப்பும்தான் ஆட்டத்தின் உச்சம். அந்த அறிவிப்பை அணைத்துவைத்து ஆடினாலும் இறுதியில் கள்ளர்களின் வண்ணங்கள் திரையில் வந்தே தீரும். தவறாகத் தள்ளப்பட்டவர் அடுத்த ஆட்டத்தில் மீண்டும் வந்து உட்கார்ந்து, தள்ளியவர்களைக் கேலிசெய்வார். உண்மை தவறாமல் வெளிப்படும், தண்டனை கால்மணியில் தீரும் என்ற இரண்டு உறுதிகள் வெளியுலகில் எவர்க்கும் கிடைக்காதிருந்த மாதங்களில், கைபேசித் திரை அவற்றைத் தந்துகொண்டிருந்தது. தனிமையைவிட இதுவே மக்களை அதன்பால் ஈர்த்தது என்று நான் எண்ணுகிறேன். எண்களால் இதை நிறுவ இயலாது, விவாதத்துக்கு வைக்கிறேன்.

அரசியலும் வராமல் போகவில்லை. அமெரிக்க அதிபர் தேர்தலுக்கு இரு வாரங்களுக்கு முன், அக்டோபர் 20 அன்று, நாடாளுமன்ற உறுப்பினர்களான அலெக்சாண்ட்ரியா ஒகாசியோ-கோர்ட்டெசும் இல்ஹான் ஓமரும் மக்களை வாக்களிக்க அழைக்கும் பொருட்டு ட்விட்சில் இதை ஆடினர். ஒரே நேரத்தில் 4 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் பார்த்தனர். அடுத்த சில நாள்களில், டிரம்புக்கு வாக்களிக்கச் சொல்லும் செய்திகளைக் கொட்டி ஆட்ட அறைகளைக் குலைக்கும் இணையத் தாக்குதலும் நடந்தது. சில டஜன் பேரை எண்ணி எழுதப்பட்ட நிரலை வைத்துக்கொண்டு மூன்று பேர் இத்தனையையும் சமாளிக்கவேண்டியிருந்தது. ஆகஸ்டில் அறிவித்த இரண்டாம் பாகத்தைச் செப்டம்பரில் கைவிட்டு, பழைய நிரலையே செப்பனிட முடிவெடுத்தனர். புதிய நிலப்படம் 2021 மார்ச் இறுதியில்தான் வந்தது. அதற்குள் பெருங்கூட்டம் கலையத் தொடங்கிவிட்டது. கூட்டத்தின் பசி வேகமானது, மூவரின் கை மெதுவானது. இதில் எவரையும் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஊரடங்கு தீர்ந்ததும் மறைவேட ஆட்டமும் தீர்ந்தது என்று எழுதியோர் பலர். 2021இல் 'கூஸ் கூஸ் டக்' என்றொரு ஆட்டம் வந்தது. விண்கலத்து மனிதர்களுக்குப் பதில் வாத்துகள்; மற்றபடி அமங் அஸின் நேர் வாரிசு. குரல்வழி உரையாடல் ஆட்டத்துக்குள்ளேயே அமைக்கப்பட்டிருந்தது, கணினியிலும் இலவசம். தென் கொரியாவின் பிடிஎஸ் இசைக்குழுவைச் சேர்ந்த வி, அதை நேரலையில் ஆடினார். கொரியாவிலும் சீனத்திலும் அது பரவியது. 2023 ஜனவரியில், சீனமும் தன் கட்டுப்பாடுகளை விலக்கிக்கொண்டுவிட்ட பிறகு, ஸ்டீம் தளத்தில் அதை ஒரே நேரத்தில் ஆடியோர் 7 இலட்சத்தைத் தாண்டினர். அமங் அஸ் அத்தளத்தில் தொட்ட உச்சத்தைவிட அது இரண்டரை இலட்சத்துக்கும் மேல் அதிகம்.